தீனா பாடக்: 'கோல்மால்' அம்மாவுக்கு முன்னால் இருந்த மேடை

கொட்டகைவாசி:

'தில்லு முல்லு' பார்க்காதவர்கள் இந்தக் குழுவில் இருக்க மாட்டார்கள். இல்லாத அம்மாவாக நடிக்க வந்து, அப்புறம் வேறொரு இடத்தில் மாட்டிக்கொண்டதும் தனக்கே ஒரு இரட்டைச் சகோதரி இருப்பதாகச் சொல்லித் தேங்காய் சீனிவாசனைத் திணறடிப்பாரே சௌகார் ஜானகி, அந்தப் பாத்திரத்தை 1979-இல் ரிஷிகேஷ் முகர்ஜியின் 'கோல்மால்' படத்தில் செய்தவர் தீனா பாடக். அவர் செய்த இன்னொரு பாத்திரமும் தமிழுக்கு வந்திருக்கிறது. 1986-இல் வந்த 'லட்சுமி வந்தாச்சு' படத்தில் பத்மினி செய்த கண்டிப்பான குடும்பத்தலைவி, 1980-இல் 'கூப்சூரத்' படத்தில் தீனா பாடக் செய்ததுதான்.

சௌகாரும் பத்மினியும் நமக்கு யார் என்று சொல்லத் தேவையில்லை. தீனா பாடக்கைப் பற்றிக் கேட்டால் "ஹிந்திப் படத்தில் பாட்டியாக வருவாரே" என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. அது எனக்குப் பெரிய குறையாகப் படுகிறது. அவர் முதல் ஹிந்திப் படத்தில் நடித்தபோது வயது 44. அதற்கு முன்னால் இருபது வருஷத்துக்கும் மேலாக குஜராத்தி மேடையில் கூட்டத்தைக் கட்டிப்போட்டவர், குழு நடத்தியவர், நாட்டார் கூத்து வடிவம் ஒன்றை அரசியல் மேடைக்குக் கொண்டுவந்தவர்களில் ஒருவர். அந்த நாடக வாழ்க்கையைப் பேசவேண்டும் என்றுதான் இந்த இழை. தெரிந்தவர்கள் சேர்ந்துகொள்ளுங்கள்.

பழையபடப்பிரியன்:

நல்ல இழை. ஆனால் ஒரு மாற்றுக் கருத்தையும் பதிந்துவிடுகிறேன். தீனா பாடக் நல்ல நடிகை, சந்தேகமே இல்லை. ஆனால் எழுபதுகளின் ஹிந்திப் படங்களில் அவருக்குக் கிடைத்தது பெரும்பாலும் அம்மா, மாமியார், பாட்டிதான். 'சித்சோர்' படத்தில் கதாநாயகிக்கு அம்மா, 'பூமிகா'வில் அம்ரிஷ் பூரி பாத்திரத்துக்கு அம்மா, கடைசிக் காலத்தில் 'பர்தேஸ்' வரைக்கும் பாட்டி. நம் ஊரில் பண்டரிபாய்க்கு நடந்ததுதானே அங்கேயும் நடந்தது? மேடையில் என்னவாக இருந்தாலும், படத்தில் பதிந்ததைத்தானே நாம் பார்க்க முடியும்?

கொட்டகைவாசி:

சார், அம்மா வேடங்கள்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அந்த அம்மாக்களை ஒன்றன்பின் ஒன்றாகப் போட்டுப் பாருங்கள், ஒருத்தி மாதிரி இன்னொருத்தி இல்லை. 'கோல்மால்' கமலா வசதியான வீட்டு அம்மாள், பொய் சொல்வதில் அவருக்கு ஒரு குஷி இருக்கிறது. அடுத்த வருஷமே 'கூப்சூரத்' நிர்மலா. வீட்டில் சாப்பாட்டு மேஜைக்கு வரும் நேரம்கூட அவர் போட்ட சட்டம்தான்.

அந்தப் படத்தில் ரேகாவும் மற்றவர்களும் மொட்டை மாடியில் ஒரு கூத்துப் போடுவார்கள், வீட்டின் சட்டதிட்டங்களைக் கேலி செய்து. அதை நிர்மலா பார்த்துவிடுகிறார். சாதாரணமாக வில்லி மாமியாருக்கு அந்த இடத்தில் ஒரு அலறல் எழுதியிருப்பார்கள், நடிகையும் கண்ணை உருட்டியிருப்பார். தீனாவின் முகத்தில் கோபத்தைவிடக் காயம்தான் முந்திக்கொண்டு தெரிகிறது. இந்தக் குடும்பத்துக்காகத்தானே இத்தனையும் செய்தோம் என்கிற திகைப்பு. அதுவரை அவர்மேல் நமக்கு இருந்த எரிச்சல் அந்த இடத்தில் குறைந்துவிடும். கதை அதற்கப்புறம் எங்கே போகவேண்டுமோ அங்கே போவதற்கு அந்த முகம்தான் வழிவிடுகிறது. வசனம் இல்லாமல் இதைச் செய்ய மேடைப் பயிற்சி வேண்டும் என்பது என் எண்ணம்.

நூலகத்தான்:

வாழ்க்கை விவரங்களை ஒரு இடத்தில் சேர்த்து வைக்கிறேன், புதிதாக வருபவர்களுக்கு உதவும்.

பிறந்தது 1922 மார்ச் 4, குஜராத்தின் அம்ரேலியில். பிறந்த பெயர் தீனா காந்தி. அக்கா சாந்தா காந்தி நாடக உலகில் பெரிய பெயர். தில்லி தேசிய நாடகப் பள்ளியில் இருந்துகொண்டு 'ஜஸ்மா ஓடன்' என்ற குஜராத்திக் கதையைப் பவாய் பாணியில் மேடையேற்றியவர். தங்கை தர்லா மேத்தாவும் நாடகக்காரர்தான். ஒரே வீட்டில் மூன்று பெண்கள் மேடைக்குப் போனார்கள். அது 1940-கள் என்பதை மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

தீனா மாணவர் அரசியலில் தீவிரமாக இறங்கியதால் பம்பாயில் படித்த கல்லூரியிலிருந்து வெளியேற்றப்பட்டு, வேறு கல்லூரியில் பட்டம் முடித்தவர். 1943-இல் பம்பாயில் இந்திய மக்கள் நாடக மன்றம், அதாவது இப்டா தொடங்கியது. அதில் சாந்தி பர்தனிடம் நடனம் கற்று ஆடினார். வங்காளப் பஞ்சம், வெள்ளையர் ஆட்சி, உழைக்கிறவர்களின் பாடு எல்லாம் அந்த மேடையில் ஆட்டமாகவும் பாட்டாகவும் வந்தன. 1948-இல் 'கரியாவர்' என்ற குஜராத்திப் படம். அதோடு சினிமா போதும் என்று மறுபடி மேடைக்கே திரும்பிவிட்டார்.

1966-இல் பாசு பட்டாச்சார்யாவின் 'உஸ்கி கஹானி' வழியாகத் திரும்பவும் திரைக்கு. அதற்கு வங்காளப் பத்திரிகையாளர் சங்கத்தின் விருது கிடைத்தது. பிறகு 'சத்யகாம்', 'சாத் ஹிந்துஸ்தானி', குல்ஸாரின் 'மௌசம்', 'கினாரா', 'கிதாப்' என்று வரிசை. 1980-இல் சங்கீத நாடக அகாதமி விருது. இந்திய மாதர் தேசிய சம்மேளனத்தின் தலைவராகவும் இருந்தார். 2002 அக்டோபர் 11 அன்று மும்பையில் காலமானார். 'பிஞ்சர்' படம் அவர் இறந்த மறு வருஷம் வெளிவந்தது.

அகமதாபாத்வாசி:

வேலைக்காகக் குஜராத் வந்து தங்கிவிட்டவன் நான். பவாய் என்றால் என்ன என்பதை நூலகத்தான் சார் ஒரு வரியில் தாண்டிவிட்டார். அது தெரியாமல் தீனா பாடக்கின் நாடக வேலை புரியாது.

வடக்கு குஜராத்தின் கிராமக் கூத்து அது. பதினான்காம் நூற்றாண்டில் அசாயித் தாக்கர் என்ற பிராமணர் தொடங்கினார் என்பது மரபு. ஊர்ப் பட்டேல் ஒருவரின் மகளைப் படைத்தலைவன் ஒருவன் தூக்கிக்கொண்டு போய்விட, அவளைத் தன் மகள் என்று சொல்லி மீட்கப் போகிறார் அசாயித். "உன் மகள் என்றால் அவளோடு ஒரே தட்டில் சாப்பிடு" என்கிறான் தலைவன். சாப்பிட்டார். மகளும் மீண்டாள். சொந்த சாதிக்காரர்கள் அவரைத் தள்ளிவைத்தார்கள். வயிற்றுப்பாட்டுக்காக அவரும் பிள்ளைகளும் ஆடிப் பாடத் தொடங்கியதுதான் பவாய் என்று இன்றும் சொல்கிறார்கள். 360 வேஷங்கள் எழுதினார் என்றும் சொல்வார்கள். அங்கே நாடகத்துக்கே 'வேஷ்' என்றுதான் பெயர்.

ஒரு தடவை கிராமத்தில் உட்கார்ந்து விடிய விடியப் பார்த்தேன். மேடை கிடையாது. கோயில் முன்னால் தரையில் ஒரு வட்டம் போடுகிறார்கள், அதுதான் ஆடுகளம். ஆளுயரத்துக்குக் கொஞ்சம் குறைவான செம்புக் குழல் இரண்டு, 'பூங்கள்' என்பார்கள். அதை ஊதினால் பக்கத்து ஊர்வரை கேட்கும். முதலில் கணபதி வருகிறார், முகத்துக்கு நேரே ஒரு பித்தளைத் தட்டைப் பிடித்துக்கொண்டு, முகமே காட்டாமல் ஆடுகிறார். அப்புறம் காளி. பிறகு ரங்கலோ என்ற கோமாளி வந்து ஊர்ப் பெரிய மனிதர்களை ஒரு பிடி பிடிக்கிறான். முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் பெரிய மனிதர்களும் சேர்ந்து சிரிக்கிறார்கள். நம் கட்டியங்காரனைத் தெரிந்தவர்களுக்கு ரங்கலோவைப் புரியவைக்க வேண்டியதே இல்லை.

ஆடுகிறவர்கள் எல்லோரும் ஆண்கள். பெண் வேஷமும் ஆண்தான். படித்த நகரத்துக்காரர்கள் இதை ஆபாசம் என்று ஒதுக்கிய காலத்தில்தான் தீனாவும் சாந்தாவும் இப்டாவுக்காக இந்த வடிவத்தை எடுத்தார்கள். ஆண்கள் மட்டுமே ஆடிவந்த ஒன்றில், படித்த குடும்பத்துப் பெண்கள் இறங்கி, விடுதலை அரசியலைப் பேசினார்கள். ரங்கலோவின் கேலி வெள்ளைக்காரனை நோக்கித் திரும்பியது. ஜனங்களுக்குப் பழகிய வடிவம் என்பதால் யாரும் விளக்கவே தேவைப்படவில்லை. அந்த நாளில் குஜராத்தில் அவர் நாடகத்துக்கு வரிசையில் நின்று டிக்கெட் வாங்கினார்கள் என்று சொல்வது இதனால்தான்.

தெருக்கூத்துரசிகை:

அகமதாபாத்வாசி அண்ணா, அருமை. 'மேனா குர்ஜரி' பற்றி யாராவது விரிவாக எழுதுங்களேன். தீனா பாடக் என்று தேடினாலே அந்தப் பெயர்தான் முதலில் வருகிறது.

நூலகத்தான்:

எழுதுகிறேன் அம்மா. எனக்கு இந்த இழையில் மிகவும் சொல்ல ஆசையாக இருந்ததே அதுதான்.

அகமதாபாத்தில் குஜராத் வித்யாசபா சார்பில் நட்மண்டல் என்ற நாடகக் குழு இயங்கியது. ரசிக்லால் பரீக் என்ற அறிஞர் பவாய் பாணியில் எழுதிய நாடகம் 'மேனா குர்ஜரி'. நாட்டார் பாடலில் வாழ்ந்த ஒரு பெண்ணின் கதை. குர்ஜர் குலத்து மேனா, பாதுஷாவின் படை தங்கியிருக்கும் பாளையத்தைப் பார்க்கப் போகிறாள். அங்கே சிக்கிக்கொண்டு மீண்டு வருகிறாள். வந்தபின் சொந்த வீடே அவள் கற்பைச் சந்தேகிக்கிறது. இந்த மண்ணில் எந்த மூலையில் போட்டாலும் பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொள்ளும் கதை. மேனாவாக நடித்தவர் தீனா.

இயக்கியவர் ஜெயசங்கர் 'சுந்தரி'. இவரைப் பற்றி ஒரு தனி இழையே போடலாம். 1889-இல் பிறந்தவர். பவாய் மரபோடு தொடர்புள்ள போஜக் குடும்பம். சின்னப் பையனாக இருக்கும்போதே நாடகக் கம்பெனியில் சேர்ந்து, 1901-இல் 'சௌபாக்ய சுந்தரி' நாடகத்தில் கதாநாயகியாக நடித்து, அந்தப் பாத்திரத்தின் பெயரே ஆயுள் முழுக்கப் பட்டமாக ஒட்டிக்கொண்டது. ஸ்திரீபார்ட் என்றால் இவர்தான் என்று குஜராத்தி மேடை கொண்டாடியது. பம்பாய்ப் பெரிய வீட்டுப் பெண்கள் இவர் புடவை கட்டும் விதத்தையும் நடையையும் பார்த்துப் பழகினார்கள் என்பது வரலாறு. 1932-இல் நடிப்பதை நிறுத்திக்கொண்டு, பிற்பாடு பயிற்சியாளராக, இயக்குநராக அகமதாபாத்தில் அமர்ந்தார். 1971-இல் பத்ம பூஷண் வாங்கினார், 1975-இல் மறைந்தார்.

இப்போது ஒத்திகைக் கூடத்தை யோசித்துப் பாருங்கள். பெண்கள் மேடையேறக் கூடாது என்றிருந்த காலத்தில் முப்பது வருஷம் பெண்ணாகவே நடித்த கலைஞர் ஒருவர். கல்லூரி, ஊர்வலம், இப்டா மேடை என்று வளர்ந்து வந்த பெண் ஒருவர். எந்த வேஷத்தை அவர் ஆண் உடம்பில் தாங்கினாரோ, அதை உரிய ஆளிடம் கையளிக்கிறார். குஜராத்தி மேடையின் இரண்டு யுகங்கள் ஒரே நாடகத்தில் சந்தித்துக்கொண்டன.

1957-இல் 'மேனா குர்ஜரி' குடியரசுத் தலைவர் மாளிகையில் ராஜேந்திர பிரசாத் முன்னிலையில் நடந்தது. கோயில் வாசலில் ஆடிய கூத்தின் பாணி அங்கே போய்ச் சேர்ந்தது. குஜராத்தி நாடகக்காரர்கள் இன்றைக்கும் பெருமையோடு சொல்லும் சம்பவம் அது.

பழையபடப்பிரியன்:

நடிகை என்பது சரி, ஏற்கிறேன். குழு நடத்தியவர் என்று இழையின் தொடக்கத்தில் சொன்னீர்களே, அவர் நாடகம் இயக்கினார் என்பதற்கு என்ன ஆதாரம்? 'மேனா குர்ஜரி'யே சுந்தரி இயக்கியதுதானே?

மாட்டுங்காதமிழச்சி:

நியாயமான கேள்வி. எங்கள் ஊர்க்காரர் என்பதால் நான் பதில் சொல்கிறேன். அவர் அகமதாபாத்தில் குழு நடத்தி, நாடகங்களை உருவாக்கி, பிறகு பம்பாயில் இருந்தபடி அதே 'மேனா குர்ஜரி'யை மறுபடி மேடையேற்றினார். சுந்தரியிடம் தான் வாங்கியதை இந்தத் தடவை அவர் அடுத்தவர்களுக்குக் கொடுத்தார். அந்த மறு மேடையேற்றத்தில்தான் இளைய மகள் சுப்ரியா முதன்முதலாக நடித்தார். மூத்த மகள் ரத்னா பாடக் ஷா. இரண்டு பேரும் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் பெயர் வாங்கியபிறகும் நாடகத்தை விடவில்லை. ரத்னாவும் கணவர் நசீருதீன் ஷாவும் 'மோட்லி' குழுவில் பல வருஷமாக நாடகம் போடுகிறார்கள். நமக்கு 'ஹே ராம்' படத்தில் காந்தியாக வந்தவர் நசீருதீன். 'ரோஜா'வில் லியாகத்தாக வந்த பங்கஜ் கபூர் சுப்ரியாவின் கணவர். இரண்டு மருமகன்களையும் தமிழ்நாடு பார்த்துவிட்டது, மாமியாரைத்தான் நாம் இன்னும் சரியாகப் பார்க்கவில்லை!

இன்னொன்றும் சொல்லவேண்டும். கணவர் பல்தேவ் பாடக்குக்குக் கேட்வே ஆஃப் இந்தியா பக்கத்தில் துணிக்கடை இருந்தது. ராஜேஷ் கன்னா, திலீப் குமார் போன்றவர்களுக்கு உடை வடிவமைத்தவர். ராஜேஷ் கன்னாவின் படங்கள் சரியத் தொடங்கியபோது கடையும் நொடித்து மூடப்பட்டது. அவர் சீக்கிரமே காலமாகிவிட்டார். எழுபது, எண்பதுகளில் தீனா ஓயாமல் சின்னச் சின்ன வேடங்களாக நடித்துக்கொண்டே இருந்ததைப் பார்க்கும்போது இதையும் சேர்த்து நினைக்கவேண்டும். கலை என்பதோடு அது அவருக்கு வேலையும்கூட. அந்த வேலையைத் தரக்குறைவாகச் செய்ததே இல்லை என்பதுதான் அவர் மேல் எனக்குள்ள மரியாதை.

தெருக்கூத்துரசிகை:

அக்கா, கடைசி வரி நூற்றுக்கு நூறு. குடும்பக் கதையில் இன்னொரு அழகு: கேதன் மேத்தாவின் 'மிர்ச் மசாலா' (1987) படத்தில் அம்மா, இரண்டு மகள்கள், ஒரு மருமகன் நான்கு பேரும் இருக்கிறார்கள். வரி வசூலிக்க வரும் சுபேதார் வேடத்தில் நசீருதீன். அவன் கண்ணில் பட்ட ஸ்மிதா பாட்டில் மிளகாய்ப் பொடி ஆலைக்குள் ஓடி ஒளிய, கதவைச் சாத்திவிடுகிறார் காவலாளி ஓம் புரி. உள்ளே மாட்டிய பெண்களில் மூத்தவர் தீனா. கடைசியில் மிளகாய்ப் பொடியே ஆயுதமாகிற இடத்துக்கு அந்தப் பெண்கள் எப்படி வந்து சேர்கிறார்கள் என்று பாருங்கள். பயம், ஒருத்தர் மேல் ஒருத்தர் எரிச்சல், பிறகு ஒரு முடிவு. கதாநாயகி ஸ்மிதாதான். ஆனால் அந்த ஆலைக்குள்ளே தீனா மாதிரி முகங்கள் இல்லையென்றால் அந்த முடிவை நம்மால் நம்பியிருக்க முடியாது.

இதே கேதன் மேத்தாதான் 1980-இல் 'பவனி பவாய்' எடுத்தார். தீண்டாமையைப் பற்றிய கதையைப் பவாய் வடிவத்திலேயே சொன்ன குஜராத்திப் படம். அதை அசாயித் தாக்கருக்கும் ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டுக்கும் சமர்ப்பித்திருப்பார். அதிலும் தீனா உண்டு. நாற்பதுகளில் பவாயை அரசியலுக்கு எடுத்தவர்களில் ஒருவர், அந்த வேலையின் தொடர்ச்சியாக வந்த படத்தில் நடிக்கிறார். இதைத் தற்செயல் என்று என்னால் நினைக்க முடியவில்லை.

பழையபடப்பிரியன்:

நீங்கள் எல்லோரும் சொல்வதைப் படித்தபிறகு 'மோகன் ஜோஷி ஹாசிர் ஹோ' படத்தை மறுபடி போட்டுப் பார்த்தேன். சயீத் மிர்ஸாவின் 1984 படம். பம்பாயில் 'சால்' எனப்படும் ஒண்டுக்குடித்தனக் கட்டடம் ஒன்றில் வாழும் வயதான தம்பதி, இடிந்து விழும் கட்டடத்தைப் பழுதுபார்க்கச் சொல்லி வீட்டுக்காரர் மேல் வழக்குப் போடுகிறார்கள். வழக்கு வருஷக்கணக்காக இழுக்கிறது. வக்கீல்கள் கறக்கிறார்கள். கணவராக வருபவர் எழுத்தாளர் பீஷ்ம் சாஹ்னி, அவரும் இப்டாக்காரர். மனைவி தீனா.

அம்மா வேடம் என்று நான் மேலே எழுதியதற்கு வெளியே நிற்கும் வேடம் இது. இந்தப் பெண்மணி யாருக்காவது சமைத்துப் போடவோ அழவோ படத்தில் இல்லை. அக்கம்பக்கத்தார் கேலி செய்தாலும் புருஷனோடு சேர்ந்து கோர்ட் வாசலில் நிற்கிறார். இந்த வயதில் எதற்கு இந்த வம்பு என்று மற்றவர்கள் சொல்லும் இடங்களில் அவர் நிற்கும் நிலையைக் கவனியுங்கள். வழக்கு அவருடையதும்தான்.

கொட்டகைவாசி:

சார், அதைப் பார்த்த கையோடு 'தமஸ்' பாருங்கள். 1988-இல் கோவிந்த் நிஹலானி தூர்தர்ஷனுக்காக எடுத்தது, பிரிவினைக் கலவரத்தைப் பற்றியது, பீஷ்ம் சாஹ்னியின் நாவல். அதிலும் இதே இருவர் தம்பதி. ஹர்னாம் சிங்காக சாஹ்னி, அவர் மனைவி பந்தோவாக தீனா. கிராமத்தில் டீக்கடை வைத்திருக்கும் சீக்கியக் கிழவனும் கிழவியும். கலவரக் கும்பல் வருகிறது என்று தெரிந்ததும் கடையை அப்படியே விட்டுவிட்டு இருட்டில் நடக்கிறார்கள். ஒரு முஸ்லிம் வீட்டுக் கதவைத் தட்டுகிறார்கள். சுரேகா சிக்ரி கதவைத் திறக்கிறார். வீட்டு ஆண்கள் வெளியே போயிருக்கிறார்கள், வந்தால் என்ன ஆகுமோ தெரியாது. உள்ளே விடலாமா வேண்டாமா என்று அந்த அம்மாள் தயங்கும் நேரத்தில், இரண்டு பெண்களுக்கும் நடுவில் நடப்பதைப் பாருங்கள். சுரேகா சிக்ரிக்கு அந்தப் படத்துக்காக தேசிய விருது கிடைத்தது. தகுதியான விருது. எதிரே நின்றவரையும் கொஞ்சம் பாருங்கள் என்றுதான் சொல்கிறேன்.

அகமதாபாத்வாசி:

எங்கிருந்து தொடங்கலாம் என்று தனிச்செய்தியில் ஒரு தம்பி கேட்டிருந்தார், இங்கேயே பதில் சொல்கிறேன். முதலில் 'கோல்மால்', சிரித்துக்கொண்டே பழக்கமாகிவிடுவார். அடுத்து 'பவனி பவாய்'. அதைப் பார்க்கும்போது ரங்கலோ வரும் காட்சிகளில் நிறுத்தி, தாளத்தைக் கவனியுங்கள். பிறகு 'மோகன் ஜோஷி', 'தமஸ்'. 'கோல்மால்' படத்துக்கு மறுபடி வந்தால், ஒரே பெண் இரண்டு சகோதரிகளாக மாறும் இடத்தில் குரல், தோள், புடவைத் தலைப்பைப் பிடிக்கும் கை என்று எல்லாமே எப்படி வேறாகிறது என்று தெரியும். அங்கே வேஷம் கட்டுவது யாரிடம் பயின்றவர் என்பதும் அப்போது உங்களுக்குத் தெரிந்திருக்கும்.